மாமாவுக்குப் பொன்னாடை

சிட்னியில் பள்ளிக்கூடம் போன எவருக்கும் ஹாண்ட்போல் என்றால் இடைவேளையில் சீமெந்துத் தரையில் கோடு கீறி, டென்னிஸ் பந்தை உள்ளங்கையால் தட்டும் விளையாட்டுத்தான். அதனால் என் மாமா பிரான்சில் ஹாண்ட்போல் ஆடியவர், அதற்குச் சம்பளமும் வாங்கியவர் என்று நான் வகுப்பில் சொன்னபோது ஒருவரும் நம்பவில்லை. எங்கள் தமிழ்ச் சங்கத்துப் பெரியவர்களும் நம்பியதாகத் தெரியவில்லை. மரியாதைக்குத் தலையாட்டி வைத்தார்கள்.

மாமா அம்மாவின் தம்பி. சிறுவயதிலேயே பாரிசுக்குப் போய், அங்கே ஒரு புறநகர்க் கழகத்தில் ஆடியவர். முழங்கால் போனபின் அதே கழகத்தில் சின்னப் பிள்ளைகளுக்குப் பயிற்சியாளராக இருந்தார். கல்யாணம் அவரைச் சிட்னியின் மெரிலேண்ட்ஸுக்குக் கொண்டுவந்து சேர்த்தது. இங்கே அவருக்குக் கிடைத்தது பார்சல் வான் ஓட்டும் வேலை. சனிக்கிழமைகளில் மட்டும் பென்டில் ஹில்லில் சங்கம் வாடகைக்கு எடுத்த உள்ளரங்கில், ஓடிப் பாய்ந்து கோலுக்குள் பந்தை எறியும் அசல் ஹாண்ட்போலைப் பெண் பிள்ளைகளான எங்களுக்குச் சொல்லிக்கொடுத்தார். அந்தச் சனிக்கிழமைக்காகத்தான் மற்ற நாளெல்லாம் வான் ஓட்டுவதாக அம்மாவிடம் சொல்வார். அது வேடிக்கைக்குச் சொன்னதல்ல.

பந்தைத் தொட விடுவதற்கு முன் எங்களுக்கு விழப் பழக்கினார். தோளைக் கொடுத்து உருண்டு எழும்ப வேண்டும். சுவரோரம் கதிரை போட்டிருந்த தாய்மாருக்கு நெஞ்சிடி. "வலைப்பந்தெண்டால் இந்த உருளல் பிரளல் ஒண்டும் இல்லையே" என்று ஒரு அன்ரி கிழமைதோறும் சொல்லிக்கொண்டிருந்தார். மாமா சிரித்துவிட்டு விசிலை ஊதுவார். அவருக்கு இருந்தது ஒரேயொரு சட்டம். பயிற்சிக்கு வராத பிள்ளைக்கு ஆட்டத்தில் இடமில்லை.

சங்கத் தலைவரின் மகளும் எங்கள் அணிதான். நன்றாக எறிவாள், ஆனால் கெட்டிக்காரப் பிள்ளைகளை மட்டும் தெரிந்தெடுக்கும் செலக்டிவ் ஸ்கூல் பரீட்சைக்கு டியூஷன் என்று அவளைக் கண்ணில் காண்பதே அருமை. எங்கள் ஆட்களிடையே அந்தப் பரீட்சைக்கு முன் கோவில் திருவிழாவே ஒதுங்கி வழிவிடும். அவளைக் குறை சொல்லி என்ன?

தமிழ் விளையாட்டு விழாவில் நாங்கள் இறுதிப் போட்டிக்குப் போய்விட்டோம். அன்று தலைவர் மகளுக்குப் புதுச் சப்பாத்து வாங்கிப் போட்டு, சொந்தக்காரர் கூட்டத்தோடு வந்து இறங்கினார். மாமா அவளை வெளியே இருத்தினார்.

"தம்பி, ஒரு பாதிக்கெண்டாலும் விடுங்கோவன். பிள்ளை ஆசையோட வந்திருக்கு" என்றார் தலைவர்.

"விளங்குது அங்கிள். ஆனா வந்து பழகின பிள்ளையளுக்கு நான் என்ன சொல்லுறது?"

தலைவர் சொந்தக்காரர் பக்கம் திரும்பி நடந்தார். நாங்கள் வென்றோம். கோப்பையைத் தந்தபோது தலைவர் வாய் நிறையச் சிரித்தார். எல்லாம் நல்லபடியாக முடிந்தது என்றுதான் நான் நினைத்தேன்.

அடுத்த மாதம் சங்கத்தின் கலைவிழா. நடனத்துக்கும் நாடகத்துக்கும் நடுவில் மாமாவின் பெயரைக் கூப்பிட்டார்கள். அவருக்கே அது தெரியாது. வான் ஓட்டும் சட்டையோடு, முழங்காலைப் பிடித்துப் பிடித்து மேடைக்கு ஏறினார். தலைவரே தன் கையால் பொன்னாடை போர்த்தினார். "இவ்வளவு நாளும் தன்ர பொன்னான நேரத்தை எங்களுக்காகத் தந்த தம்பிக்கு, இனியாவது ஓய்வு குடுக்கிறது எங்கட கடமை" என்று மைக்கில் சொன்னார். மண்டபம் கைதட்டியது. எல்லாரையும்விடப் பலமாகத் தட்டியவள் நான். அம்மா மட்டும் கையை மடியிலேயே வைத்திருந்தாள். தம்பிக்குக் கிடைத்த மரியாதையில் இவளுக்கு என்ன எரிச்சல் என்று எனக்குக் கோபம் கோபமாக வந்தது.

எங்கள் சங்கங்களில் ஒருவரை வேண்டாம் என்றால் யாரும் வாயால் சொல்வதில்லை. பொன்னாடை போர்த்தி அனுப்பிவிடுவார்கள். போர்த்திக்கொண்டவர் சண்டை பிடிக்க முடியாது, நன்றி சொல்லிவிட்டு இறங்க வேண்டியதுதான். மாமாவும் நன்றி சொன்னார். அடுத்த சனிக்கிழமை தலைவரின் மைத்துனர் வலைப்பந்தோடு வந்து நின்றார். மாமா அதன்பிறகு பந்தைத் தொடவில்லை. வான் மட்டும் ஓட்டுகிறார், இன்றைக்கும்.

அன்றைக்கு இதெல்லாம் பத்து வயதுக்காரிக்கு எங்கே தெரியும்? காரில் வீட்டுக்குத் திரும்பும்போது பொன்னாடை என் மடியில் இருந்தது. அதன் சரிகையைத் தடவிக்கொண்டே கேட்டேன்.

"மாமா, பிரான்சிலயும் உங்களுக்கு இப்பிடிப் போர்த்தினவையோ?"

"இல்லைப் பிள்ளை. முழங்கால் போனவுடன முகத்துக்கு நேர சொன்னாங்கள், இனி உன்னால ஆட ஏலாதெண்டு. பிறகு, நாளைக்கு வந்து சின்னப் பிள்ளையளைப் பழக்கு எண்டாங்கள்."

முன்சீட்டில் அம்மா முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டாள். எனக்கு மாமாவை நினைக்கப் பாவமாக இருந்தது. இந்தப் பிரெஞ்சுக்காரருக்கு ஒரு மனிதரை மதிக்கவே தெரியாது, நல்ல காலம் அவர் எங்கள் ஆட்களிடம் வந்து சேர்ந்தார் என்று நினைத்துக்கொண்டேன்.