அருவிப் பாறையில் விழுந்தவரின் மகள்

பழைய கறுப்பு வெள்ளைப் படங்களில் குற்றாலத்தில் எடுத்த காட்சிகளை வெட்டி ஒட்டி ஒரு சோதனைப் படம் செய்துகொண்டிருக்கிறேன். அதில் ஒரு துணை நடிகர் அருவிப் பாறையில் வழுக்கி விழுவார். அதை மட்டும் இருபது தடவை திரும்பத் திரும்ப ஓடவிட்டிருந்தேன். பார்த்த நண்பர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

இன்று தென்காசியிலிருந்து வரும்போது பஸ்ஸில் அதைப் போனில் பார்த்துக்கொண்டிருந்தேன். பக்கத்து சீட் அக்கா எட்டிப் பார்த்தார்.

“யம்மா, இது எங்கப்பால்லா!”

எனக்குப் பெருமையாக இருந்தது, அவர் அடுத்துச் சொன்னதைக் கேட்கும்வரை.

“இது நடிப்பு இல்லம்மா. அன்னைக்கு நெசமாவே வழுக்கிட்டு. இடுப்பு போச்சு. அப்போ நான் கைக்கொழந்த. அவ்வொ நடந்து நான் பாத்ததே இல்ல.”

“அழிச்சிரட்டுமாக்கா?” என்றேன்.

“வேண்டாம். விழுகதுக்கு முன்னால ரெண்டு எட்டு நடக்காவல்லா, அத மட்டும் காட்டு.”

மேலகரம் வரும்வரை அதையே ஓட்டிக் காட்டினேன். என் கையை ஒரு தடவை அழுத்திவிட்டு அவர் இறங்கிப் போனார்.

வீட்டுக்கு வந்ததும் விழும் காட்சியையும் மற்ற காட்சிகளையும் வெட்டி எடுத்துவிட்டேன். மிச்சம் இருப்பது அவர் நடக்கும் இரண்டே விநாடி.

சிரித்த நண்பர்களே, இதைப் படம் என்று ஒத்துக்கொள்வீர்களா?