எதெல்வினாவின் ‘மாந்தே’

எதெல்வினா குடியிருந்த சந்தில் இன்றைக்கும் யாரும் அவளைப் பேர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. ‘மாந்தே’ என்றுதான் கூப்பிடுகிறார்கள். மெக்சிகோ நகரத்துப் பிள்ளைகள் பெரியவர்கள் அழைத்தால் ‘என்ன?’ என்று கேட்கக் கூடாது. ‘மாந்தே’, அதாவது ‘உத்தரவு சொல்லுங்கள்’ என்று கேட்க வேண்டும். ‘என்ன’ என்று கேட்கிற பிள்ளை வளர்ப்பு சரியில்லாத பிள்ளை.

அவள் அம்மா கூக்கா, ஒரு சினிமா ஸ்டுடியோவில் நடிகர்களின் துணி துவைப்பவள். சோப்பு நுரையில் விளையாடிக்கொண்டிருந்த குழந்தையை ஓர் இயக்குநர் பார்த்தார், அவ்வளவுதான், பிழைத்துக்கொண்டாள். அநாதைப் பெண், கண் தெரியாத தங்கை, கோயில் வாசலில் பூ விற்கும் சிறுமி என்று வரிசையாக வேடங்கள். குடும்பத்தோடு படம் பார்க்க வந்தவர்களையெல்லாம் அழவைத்தாள். ஒன்பது வயதில் பால்பல் விழுந்து பெரிய பல் முளைத்தது, கால் நீண்டது. கூப்பிட ஆளில்லாமல் போயிற்று.

கடைசியில் ஒரு வேடம் வந்தது. லூசிந்தா என்கிற திமிர் பிடித்த பணக்காரப் பெண். “இதுவும் சரிவரலைன்னா என் தங்கச்சி மக தயாரா இருக்கா” என்று தயாரிப்பாளர் தோன் ஃபிடென்சியோ, அதாவது ஃபிடென்சியோ ஐயா, முகத்துக்கு நேராகவே சொல்லிவிட்டார். எதெல்வினாவுக்கு அந்த வெளிச்சமும் கேமராவும் உயிர்.

முதல் காட்சியில் அப்பாவாக நடிக்கும் தோன் ப்ரோஸ்பெரோ கூப்பிடுவார். அவள் பொம்மையைவிட்டுத் தலை நிமிராமல் ‘என்ன?’ என்று கேட்க வேண்டும். நரைத்த மீசைக்காரர் “லூசிந்தா” என்றார். இவள் துள்ளி எழுந்து, “மாந்தே, தோன் ப்ரோஸ்பெரோ!” என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். மறுபடி எடுத்தார்கள், மறுபடியும் ‘மாந்தே’தான். மதியத்துக்குள் சிரிப்பெல்லாம் வற்றிவிட்டது. ரிப்பன் கட்டிய, தயாரிப்பாளரின் தங்கை மகள் ஒரு நாற்காலியில் வந்து உட்கார்ந்துவிட்டாள். நாளை வரைக்கும்தான் பொறுப்பேன் என்றார் இயக்குநர் தோன் அன்செல்மோ.

‘என்ன’ என்று சொன்னால் நாக்கில் மிளகாய் தேய்ப்பேன் என்று மிரட்டி வளர்த்தவள் கூக்கா. அன்று சாயங்காலம் அவளே மகளைக் குடியிருப்பின் பொது முற்றத்தில் உட்காரவைத்தாள்.

“நான் கூப்பிடுறேன். திரும்பாம ‘என்ன’ன்னு கேளு.”

“உன்கிட்டயா? மாட்டேம்மா.”

“எங்கிட்டயே சொல்லிட்டேன்னா அப்புறம் ஊர்ல எவன்கிட்ட வேணா சொல்லலாம்டி.”

கடைசியில் முதுகைத் திருப்பிக்கொண்டாள். நூல் மாதிரி ஒரு ‘என்ன’ வந்தது. சொன்னவுடனே அழுதுவிட்டாள். “இன்னும் கொஞ்சம் திமிரா” என்றாள் கூக்கா. பிறகு அக்கம்பக்கத்துப் பெண்களும் தத்தம் வாசலிலிருந்து கூப்பிட, முற்றமெங்கும் ‘என்ன’ பறந்தது. இது ஒத்திகை என்பதை மறந்து, பக்கத்து வீட்டுத் தோன்யா எவுலாலியா துடைப்பத்தை ஓங்கிக்கொண்டு வந்துவிட்டாள்.

மறுநாள் ஒரே தடவையில் காட்சி ஓகே. ரிப்பன்காரி வீட்டுக்குப் போனாள். அதன்பின் படம் முழுக்க எதெல்வினா எல்லோரையும் ‘என்ன’ என்றே கேட்டாள்.

கடைசிக் காட்சியில், வீட்டில் துணி துவைப்பவள்தான் தன்னைப் பெற்றவள் என்று லூசிந்தாவுக்குத் தெரியவருகிறது. சோப்புத் தொட்டிக்குள் கைவிட்டபடி, அந்த வேடத்தில் நடித்தவள் “லூசிந்தா” என்று அழைத்தாள். பதிலுக்கு லூசிந்தாவுக்குப் பக்கம் பக்கமாக வசனம் இருந்தது. ஆனால் சோப்பு வாசனை மூக்கில் ஏறியதும் எதெல்வினாவுக்கு எல்லாம் மறந்துவிட்டது. நிமிர்ந்து நின்று, கையைக் கோத்துக்கொண்டாள்.

“மாந்தே, அம்மா.”

கட் சொல்ல வாயெடுத்த தோன் அன்செல்மோ சொல்லவே இல்லை.

படம் வெளியான அன்று அந்த இடத்தில் ஆண்கள் தொப்பியால் முகத்தை மறைத்துக்கொண்டார்கள். அப்புறம் விசிலும் கைத்தட்டலும் கூரையைப் பிய்த்தன. படம் முடிந்து வெளியே அவள் தெருவே திரண்டு நின்றது. கூட்டத்தை விலக்கிக்கொண்டு, அடுத்த மூன்று படமும் உனக்குத்தான் என்று சொல்ல ஓடிவந்தார் தோன் ஃபிடென்சியோ.

“எதெல்வினா, கண்ணு!”

அவள் திரும்பவில்லை. “என்ன?” என்றாள்.

சுற்றி நின்றவர்கள் கூக்காவைப் பார்த்தார்கள். வேறு நாளாக இருந்தால் கூக்கா மிளகாயைத் தேடியிருப்பாள். அன்றைக்குக் காது கேட்காதவள் போல, எதிரே தமாலே என்கிற சோளக் கொழுக்கட்டை வேகும், ஆவி பறக்கும் பானையைப் பார்த்தாள்.

“எதெல்வினா” என்றாள் மெதுவாக.

மகள் சட்டென்று திரும்பினாள். அவள் வாய் திறப்பதற்குள் தெரு மொத்தமும் அவளுக்காகக் கத்தியது: “மாந்தே, அம்மா!”