நெஞ்சில் வைக்க ஒரு பிடி தர்ப்பை

எங்கள் வீட்டுக்குக் கிழக்குத் தாம்பரத்தில் ஒரு பெயர் இருந்தது. புல்லு வூடு. ஸ்டேஷனில் இறங்கி யாரிடம் வழி கேட்டாலும், "புல்லு வூடா? நேரா போயி லெஃப்ட்ல திரும்பு" என்று கையைக் காட்டிவிடுவார்கள். சின்ன வயதில் எனக்கு மானம் போகும். டாக்டர் வீடு, வக்கீல் வீடு என்று மற்றவர்களுக்கெல்லாம் கௌரவமாக ஒரு அடையாளம் இருக்க, நமக்கு மட்டும் மாடு தின்கிற சமாச்சாரமா என்று அம்மாவிடம் சண்டை போட்டிருக்கிறேன்.

அப்பா புல் விஞ்ஞானி. அப்படி ஒரு உத்தியோகம் உண்டா என்று சிரிக்காதீர்கள். வெள்ளைக்காரன் காலத்தில் மதராஸ் மாகாணத்துப் புல்வகைகளைத் தேடித் தேடிச் சேர்த்து, இது இன்னது என்று பிரித்துச் சொன்ன முதல் இந்தியர்களில் அவர் ஒருவர். பயிர் வைத்துப் பிழைத்த குடும்பத்திலிருந்து படிக்கப் போன முதல் ஆள். பஞ்சத்திலும் காயாத தீவனப் புல் எது என்று அவர் எழுதியதை வைத்துத்தான் எத்தனையோ ஜில்லாக்களில் மாடுகள் பிழைத்தன என்பார்கள். ஆனால் அவர் அலைந்து சேர்த்ததெல்லாம் அவருடைய மேலதிகாரி துரையின் பெயரில் புத்தகமாக வந்தது. அப்பாவின் பெயர் கடைசிப் பக்கத்தில், நன்றி சொல்கிற இடத்தில், வண்டி கொடுத்தவர்களுக்கும் கூடாரம் போட்டவர்களுக்கும் நடுவில் இருந்தது. அப்பா அதைப் பற்றிப் பேசமாட்டார். அம்மாதான் அந்தத் துரையைச் சாகும்வரை திட்டினாள்.

வீட்டில் பாதி இடம் பீரோக்களுக்கு. உள்ளே தடித்த வெள்ளை அட்டைகள். ஒவ்வொரு அட்டையிலும் வேரோடு பிடுங்கிக் காயவைத்த ஒரு புல். மூலையில் அப்பாவின் கையெழுத்தில் பெயர், ஊர், தேதி. பசை போட்டு ஒட்டினால் பூச்சி வரும் என்று அம்மா ஊசி நூலால் தைப்பாள். தண்டுக்கு இரண்டு தையல், கதிருக்கு ஒன்று. புல்லை நசுக்கிக் காயவைக்க மேலே வைக்கிற பாரம் எங்கள் ஆட்டுக்கல் குழவி. மாவரைக்க வேண்டுமென்றால் முதலில் புல் காய்ந்துவிட்டதா என்று பார்க்க வேண்டும். அந்த வீட்டில் இட்லியே புல்லின் தயவில்தான் கிடைத்தது.

அப்பாவிடம் ஒரு கண்டிப்பான விதி இருந்தது. அட்டையிலிருந்து ஒரு துணுக்கு எடுத்தாலும், எடுத்தவர் யார், எதற்கு எடுத்தார் என்று சீட்டு எழுதி அதே அட்டையில் வைக்க வேண்டும். துரை எடுத்தாலும் சரி, கவர்னர் எடுத்தாலும் சரி. நான் ஒருமுறை ஒரு கதிரைப் பிய்த்துவிட்டேன். அப்பா அடிக்கவில்லை. உட்காரவைத்துச் சீட்டு எழுதச் சொன்னார். "எடுத்தவர்: மகள். காரணம்: பொம்மைக்கு விசிறி." அந்தச் சீட்டு அவர் இருந்தவரை அந்த அட்டையிலேயே இருந்தது. வருகிற விஞ்ஞானிகளிடமெல்லாம் காட்டிச் சிரிப்பார்.

கல்யாண வீடுகளில் அவரோடு போவது பெரிய பேஜார். மாப்பிள்ளை விரலில் போட்டிருக்கும் தர்ப்பை மோதிரத்தைப் பிடித்துக் கண்ணாடியை ஏற்றிப் பார்ப்பார். "இது தர்ப்பையே இல்ல சாமி, நாணல் ஜாதி. எவனோ உங்க தலையில கட்டிட்டான்" என்பார். ஐயர் முகம் சுண்டிப்போகும். அம்மா பின்னாலிருந்து சட்டையைப் பிடித்து இழுப்பாள். சாமி கும்பிடாத மனுஷனுக்குத் தர்ப்பை மேல் என்ன அக்கறை என்று உறவுக்காரர்கள் கேலி பேசுவார்கள். அவருக்குச் சடங்கு பொய்யாக இருக்கலாம், புல் பொய்யாக இருக்கக் கூடாது.

எண்பதுகளின் கடைசியில் அவர் போய்ச் சேர்ந்தார். படுக்கையில் கிடக்கும்போதே சொல்லிவிட்டார், உடம்பை மெடிக்கல் காலேஜுக்குக் கொடுத்துவிட வேண்டும் என்று. "ஆயுசு பூரா புல்லை அறுத்துப் பாத்துத்தான் சோறு தின்னேன். என்னையும் நாலு பசங்க அறுத்துப் பாக்கட்டும்" என்றார். அம்மா மறுத்துப் பேசவில்லை. அவர் சொன்னதற்கு அவள் என்றைக்கு மறுத்திருக்கிறாள்? வேன் வந்தது. குளிப்பாட்டி, வேட்டி கட்டி, ஏற்றி அனுப்பினோம். தெருமுனையில் வேன் திரும்பியதும் உறவுக்காரர்கள் என்ன செய்வதென்று தெரியாமல் நின்றார்கள். சுடுகாட்டுக்குப் போகிற வேலை இல்லை, தலை முழுகலாமா கூடாதா என்றுகூட யாருக்கும் தெரியவில்லை.

அதற்குப் பிறகு அம்மாவுக்குச் சோறு இறங்கவில்லை. தட்டில் கை வைப்பாள், எடுத்துவிடுவாள். காலையில் அவருக்கும் சேர்த்துக் காபி கலந்துவிட்டு டம்ளரையே பார்த்துக்கொண்டிருப்பாள். "அங்க குளிருமோ?" என்பாள். ஒருநாள் காய் நறுக்கிக்கொண்டே, "இன்னிக்கு எந்த இடத்தை அறுத்திருப்பாங்க?" என்று கேட்டாள். நான் அரிவாள்மனையை அவளிடமிருந்து வாங்கிக்கொண்டேன். அப்போது நான் பள்ளிக்கூட டீச்சர். கல்யாணம் செய்துகொள்ளவில்லை, அவர்களோடுதான் இருந்தேன். அவள் வாடிக்கொண்டே வருவதைப் பார்க்கப் பார்க்க, எனக்கு அப்பா மேல்தான் கோபம் வந்தது. ஊர் மாட்டுக்கெல்லாம் தீவனம் சொன்ன மனுஷன், பொண்டாட்டி சாப்பிட ஒரு வழி சொல்லாமல் போய்விட்டாரே என்று அழுதேன்.

வழி சொன்னது எங்களுக்கு மீன் கொண்டுவரும் அம்மா. ஈஞ்சம்பாக்கம் கடற்கரைக் குப்பத்திலிருந்து பஸ் ஏறி வருவாள். கூடையை இறக்கிவைத்துவிட்டு அம்மாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"எங்க வூட்டுக்காரரு கடலுக்குப் போனவரு திரும்பலக்கா. ஒடம்பும் கெடைக்கல. எனக்கும் இப்டித்தான், சோறு எறங்கல. அப்பால பெரியவங்க சொன்னாங்க, புல்லுல ஆளு மாதிரி கட்டி எரிச்சோம். அன்னிக்குத்தான் துன்னேன்."

அம்மா அன்றைக்கு முதல்முறையாக நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

எங்களுக்குத் தெரிந்த ஐயரிடம் கேட்டோம். செய்யலாம், உடம்பு கிடைக்காதவர்களுக்குத் தர்ப்பையில் உருவம் செய்து தகனம் செய்கிற வழக்கம் இருக்கிறது என்றார். அவரே ஒரு கட்டு வாங்கியும் வந்தார். அம்மா கட்டைப் பிரித்து ஒரு தாளை உருவி, ஓரத்தில் விரலை ஓட்டிப் பார்த்தாள். அப்புறம் அதைத் திரும்பக் கட்டிவிட்டாள்.

"இது தர்ப்பை இல்ல சாமி."

ஐயருக்குக் கல்யாண வீட்டு ஞாபகம் வந்திருக்க வேண்டும். பாவம், அப்பாவிடமிருந்து தப்பித்தோம் என்று நினைத்திருப்பார். "மனசுதாம்மா முக்கியம்" என்றார்.

"அவருக்கு மனசு முக்கியமில்ல சாமி. புல்லுதான் முக்கியம்" என்றாள் அம்மா.

சரி, தேடுவோம் என்று கிளம்பினோம். ஒரு ஆட்டோ பிடித்துக்கொண்டு பெருங்களத்தூர் ஏரிக்கரை, மேடவாக்கம் பக்கம் என்று அப்பா சுற்றிய இடங்களுக்கெல்லாம் போனோம். கரை இருந்த இடத்தில் வெள்ளையடித்த கல் நட்டு மனை பிரித்திருந்தார்கள். மிச்சமிருந்த பள்ளத்தில் லாரியில் மண் கொண்டுவந்து கொட்டிக்கொண்டிருந்தார்கள். அம்மா புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு குனிந்து குனிந்து பார்த்தாள். ஆட்டோக்காரர் பொறுக்க முடியாமல் கேட்டார்.

"இன்னாமா தேடிகினு கீறீங்க? புல்லா? மாட்டுக்கா?"

"இல்லப்பா. எங்க வீட்டுக்காரருக்கு" என்றாள் அம்மா.

அவர் வண்டியை அடுத்த கரைக்கு விட்டார். திரும்பி வரும்போது மீட்டருக்கு மேல் கேட்கவில்லை, அந்தக் காலத்திலும் அது அதிசயம்தான்.

வீட்டுக்கு வந்த அம்மா, கால்கூடக் கழுவாமல் பீரோவைத் திறந்தாள். எடுத்த அட்டை எனக்குத் தெரியும். அவர்களுக்குக் கல்யாணமான புதிதில், சேலையூர் ஏரிக்கரையில் அப்பா பிடுங்கிவந்த தர்ப்பை. அம்மா தைத்த முதல் அட்டை. தையல் கோணல்மாணலாக இருக்கும், ஒரு இடத்தில் விரலில் குத்திய ரத்தக்கறைகூட உண்டு. ஒரு காலேஜ் புரொபசர் அப்பாவின் சேகரிப்பு முழுவதையும் எடுத்துப் போய்ப் பாதுகாப்பதாகச் சொல்லியிருந்தார். அவர் வருகிற நாள் நெருங்கிக்கொண்டிருந்தது. அப்பா இருந்த காலத்தில் ஒருமுறை வந்தபோது இந்த அட்டையைத்தான் கையில் வைத்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். "அந்தக் கரையே இப்ப இல்ல சார். இங்க தர்ப்பை இருந்ததுன்னு சொல்ல இது ஒண்ணுதான் சாட்சி" என்றார். அப்பாவின் முகத்தில் அன்றைக்கு இருந்த சந்தோஷத்தை நான் அதற்கு முன்பும் பார்த்ததில்லை, பின்பும் பார்த்ததில்லை.

நான் அட்டையைப் பிடித்துக்கொண்டேன். விடவில்லை. "அம்மா, இது வேண்டாம். துரை எல்லாத்தையும் எடுத்துக்கிட்டான். அவர் பேர் சொல்ல இதுதான் இருக்கு. இதையும் எரிச்சா அவருக்குன்னு என்ன மிஞ்சும்?" என்று கத்தினேன்.

"எனக்குன்னு என்னடி மிஞ்சிச்சு?" என்றாள் அம்மா.

நான் கையை எடுத்துவிட்டேன். வேறென்ன செய்ய?

அவள் ஊசியை எடுத்துத் தையலைப் பிரித்தாள். தைத்தபோது இருந்த அவசரம் இப்போது இல்லை. ஒரு வேர்கூட உடையாமல் புல்லை எடுத்து ஒரு வாழையிலையில் வைத்தாள். அப்புறம் மேஜைக்குப் போய்ப் பேனாவைத் தேடி, ஒரு சின்னச் சீட்டில் ஏதோ எழுதி, வெறும் அட்டையில் செருகிப் பீரோவில் வைத்துப் பூட்டினாள். விதி விதிதானே.

மறுநாள் காலையில் சுடுகாட்டில் ஐயர் அவர் கொண்டுவந்த புல்லையே வைத்துக் கை, கால், தலை எல்லாம் கட்டினார். மற்ற இடத்துக்கெல்லாம் அது போதும் என்று அம்மா விட்டுவிட்டாள். நெஞ்சில் மட்டும் தன் கையாலேயே அந்தப் பழைய தர்ப்பையை வைத்தாள். கொள்ளி வைக்க ஆண்பிள்ளை யார் என்று ஐயர் சுற்றுமுற்றும் பார்த்தார். "நான்தான் தைச்சேன், நானே வைக்கிறேன்" என்றாள். அவரும் சரியென்று தலையை ஆட்டிவிட்டார். பொம்மை அளவுதான் இருந்தது, நிமிஷத்தில் எரிந்துவிட்டது. அம்மா அங்கேயே மண்ணில் உட்கார்ந்து, தலையில் அடித்துக்கொண்டு, அத்தனை நாள் அழாததையெல்லாம் அழுதாள். நானும் அழுதேன். மீன் கொண்டுவரும் அம்மா எங்கிருந்தோ வந்து அவளைத் தாங்கிப் பிடித்திருந்தாள். அன்றைக்கு மதியம் அம்மா ரசம் சோறு சாப்பிட்டாள்.

புரொபசர் வந்தார். அட்டைகளை ஒவ்வொன்றாகப் பார்த்துக் கட்டிக்கொண்டிருந்தவர் நின்றுவிட்டார். வெறும் அட்டை, புல்லின் வடிவத்தில் ஊசித் துளைகள், மூலையில் அப்பாவின் கையெழுத்து, அதன் கீழே அம்மாவின் சீட்டு. நானும் அப்போதுதான் அதைப் படித்தேன்.

"தர்ப்பை. முழுவதும் எடுக்கப்பட்டது. எடுத்தவர்: மனைவி. காரணம்: உடம்பு இல்லை."

என்ன சொல்லப் போகிறாரோ என்று அவர் முகத்தையே பார்த்தேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு அந்த அட்டையையும் மற்றவற்றோடு வைத்துக் கட்டினார். "அம்மா சரியாத்தான் எழுதியிருக்காங்க" என்றார். அவ்வளவுதான்.

தொண்ணூறுகளின் நடுவில் அம்மாவும் படுத்துவிட்டாள். கடைசி நாட்களில் ஒரு மத்தியானம், தண்ணீர் கொடுத்துக்கொண்டே கேட்டேன். அவளுக்கும் அப்பா போன இடத்துக்கே போக ஆசையாக இருக்கும் என்று நானாகவே நினைத்து வைத்திருந்தேன். "அம்மா, உன்னையும் அந்தக் காலேஜுக்கே கொடுத்துடட்டுமா?"

அவள் டம்ளரை மெல்ல விலக்கினாள்.

"ஆசைதான். அவர் போன வழியிலயே போகலாம்." மூச்சு வாங்கியது. என் கையைப் பிடித்துக்கொண்டாள். "வேணாம்டி. என்னை எரிச்சுடு. இப்ப எங்கயும் புல்லு இல்ல. நீ யாரோட போய்த் தேடுவ?"

எரித்தேன். உடம்பு இருந்தது. வீட்டுக்கு வந்து, தலை முழுகிவிட்டு, தட்டில் சோறு போட்டுக்கொண்டு உட்கார்ந்தேன். அவள் நினைத்தது சரிதான், சோறு இறங்கியது.