குண்டூசி தேடியவள்

துணிக்கடையில் உட்காரும் பாக்கியம் இரண்டே பேருக்குத்தான் உண்டு. ஒருவர் கல்லாவில் இருப்பவர். மற்றவர் துணி வாங்க வந்தவர். மிச்சம் இருப்பவர்கள் எல்லாம் நிற்பதற்கென்றே பிறந்தவர்கள் என்பது அந்த மூன்று மாடிக் கடையை நடத்தியவர்களின் எண்ணம். அந்த எண்ணத்துக்குத் தன் இரண்டு கால்களையும் எழுதிக்கொடுத்தவள் தூணக்கா.

பெற்றவர்கள் வைத்த பேர் வேறு. இரண்டாம் மாடியில் சட்டைப் பிரிவில் எப்போது பார்த்தாலும் ஆணி அடித்தது போல நேராக நிற்பாள். அதைப் பார்த்து எவளோ ஒருத்தி விளையாட்டாகச் சொன்னது அப்படியே ஒட்டிக்கொண்டது. மேனேஜரும் "அந்தத் தூணைக் கூப்பிடு" என்றுதான் சொல்லுவார். கட்டடத்தைத் தாங்குவது தூண்தான் என்று அவருக்கு யாரும் எடுத்துச் சொன்னதில்லை. சொல்லியிருந்தாலும் காதில் போட்டுக்கொள்ளும் ஆள் இல்லை.

அம்மா கண்ணை மூடியபோது இவளுக்கே விவரம் பத்தாத வயது. தங்கச்சி இடுப்பில் இருந்தாள். அப்பா அதற்கு முன்பே இன்னொரு குடும்பத்தைப் பார்த்துக்கொண்டு கிளம்பிவிட்டிருந்தார், மகராசன். தங்கச்சிக்குப் பால் வாங்க வேண்டும் என்று இந்தக் கடைக்குள் நுழைந்தவள், தங்கச்சி வளர்ந்து கல்யாணமாகி அதே மாடியில் குழந்தைகள் உடைப் பிரிவில் வேலைக்குச் சேர்ந்த பிறகும் அதே இடத்தில் நின்றுகொண்டிருந்தாள். நீ ஏன் கல்யாணம் பண்ணிக்கொள்ளவில்லை என்று யாராவது கேட்டால், "எல்லாரும் நிக்க நேரமில்லம்பாங்க. எனக்கு நிக்க மட்டும்தான் நேரம்" என்று சிரிப்பாள். கேட்டவர்களும் சிரித்துவிட்டுப் போய்விடுவார்கள்.

அந்தக் கடையில் உட்காரக் கூடாது. சாயக் கூடாது. கவுண்டரில் முழங்கையை ஊன்றக் கூடாது. மேலே மூலையில் ஒரு கேமரா தொங்கும்; அதில் சாய்ந்தது தெரிந்தால் மறுநாள் குடோனில் மூட்டை இறக்க வேண்டியதுதான். சாயங்காலமானால் செருப்பு வார் காலில் புதைந்துவிடும். தூணக்காவின் கெண்டைக்காலில் நரம்புகள் முடிச்சு முடிச்சாகப் புடைத்திருந்தன. பழைய துணியைக் கிழித்து இறுக்கிச் சுற்றிக்கொண்டுதான் காலையில் கிளம்புவாள். டாக்டர் பார்த்துவிட்டு, "கொஞ்சம் உக்காந்து வேலை பாரும்மா" என்றார். படித்தவர் இல்லையா, வாயில் வந்ததைச் சொல்லிவிட்டார்.

ஆனால் பெண்கள் சும்மா இருப்பார்களா? கடைக்கு வரும் சட்டைகளில் கழுத்துக்கும் கைக்கும் குண்டூசி குத்தியிருக்கும். பிரித்துக் காட்டும்போது ஊசியை எடுத்து டப்பாவில் போட வேண்டும். தரையில் விழுந்தால் உடனே தேடி எடுத்தாக வேண்டும். வாடிக்கையாளர் காலில் குத்தினால் கடைக்குத்தான் கெட்ட பேர். இது கடையே போட்ட சட்டம். அந்தச் சட்டத்துக்குள்ளே எவளோ ஒரு புண்ணியவதி ஒரு கதவைத் திறந்துவிட்டாள்.

"அக்கா, ஊசி விழுந்துடுச்சு."

இப்படி ஒரு குரல் கேட்டால், சொன்னவள் கவுண்டருக்குப் பின்னால் தரையில் உட்காரப் போகிறாள் என்று அர்த்தம். பக்கத்துப் பிரிவுக்காரி அவள் இடத்தையும் சேர்த்துப் பார்த்துக்கொள்வாள். கவுண்டர் மரத்தால் ஆனது. பின்னால் உட்கார்ந்தால் கேமராவுக்கு உச்சந்தலை மட்டும்தான் தெரியும். இல்லாத ஊசியைத் தேடித் தேடிக் காலை நீட்டிக்கொள்ளலாம். புதிதாகச் சேர்ந்தவளுக்கு விலை சொல்லிக் கொடுப்பதற்கு முன்னால் இதைத்தான் சொல்லிக் கொடுப்பார்கள். இதிலும் ஒரு மரியாதை இருந்தது. யாரும் ரொம்ப நேரம் தேட மாட்டார்கள். வயிற்றுப் பிள்ளைக்காரியும் வயிற்று வலிக்காரியும் எவ்வளவு நேரம் தேடினாலும் ஒருத்தியும் முகம் சுளிக்க மாட்டாள்.

கடைத்தெருவுக்குச் சங்கம் வந்தது தங்கச்சிக்கு நாள் தள்ளிப்போயிருந்த சமயம். டீக்கடைக்குப் பின்னால் கூட்டம் போட்ட சங்கச் செயலாளர், உட்காரும் உரிமை என்று சொன்னதும் பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். "உக்கார்றதுக்குக்கூடவா உரிமை?" என்று ஒருத்தி கேட்டாள்.

அவருக்குச் சுருக்கென்று கோபம் வந்துவிட்டது. "எட்டு மணி நேர வேலைன்னு ஒண்ணு இருக்கே, அது என்ன வானத்துலேருந்தா விழுந்துச்சு? அதுக்கு முன்னாடி விடிஞ்சா வேலை, இருட்டினா வீடு. ஒவ்வொரு மணியையும் எவனோ ஒருத்தன் அடி வாங்கித்தான் குறைச்சான். எவளோ ஒருத்தி ஜெயிலுக்குப் போய்த்தான் குறைச்சா. அவங்க பேருகூட நமக்குத் தெரியாது."

தூணக்கா சிரிக்கவில்லை. அன்றிலிருந்து சங்கத்துக்கு ஆள் சேர்ப்பதுதான் அவள் வேலை. சாப்பாட்டு நேரத்தில் மாடி மாடியாக ஏறி இறங்கினாள். தன் கால் போனது போனதுதான், தங்கச்சியின் கால் இப்படி ஆகக் கூடாது. பிள்ளைத்தாய்ச்சி உட்கார்ந்து வேலை பார்க்க வேண்டும். அவளுக்கு வேண்டியதெல்லாம் அவ்வளவுதான்.

உட்கார ஸ்டூல் வேண்டும் என்று சங்கம் எழுதிய புகார், தொழிலாளர் அலுவலரின் அறை வரைக்கும் போனது. விசாரணைக்கு முதல் நாள் சாயங்காலம் தங்கச்சி வந்தாள். அக்காவின் காலுக்கு எண்ணெய் தேய்த்துக்கொண்டே, "நாளைக்கு எல்லாத்தையும் சொல்லுக்கா. ஊசிய மட்டும் சொல்லிடாத" என்றாள்.

"ஏண்டி?"

"நம்ம கையில இருக்கறது அது ஒண்ணுதான்."

"போடி பைத்தியமே. ஸ்டூலே வரப்போகுது, ஊசி எதுக்கு?" என்றாள் தூணக்கா. ஆனாலும் சொல்ல மாட்டேன் என்று தங்கச்சி தலையில் கை வைத்துச் சத்தியம் செய்தாள்.

அலுவலர் அறையில் முதலாளிக்காகப் பேசிய வக்கீலுக்கு நாக்கில் தேன் தடவியிருந்தது. "இதுவரைக்கும் ஒருத்தர்கூட உக்காரணும்னு கேட்டதில்ல சார். அவங்களுக்குப் பழகிப்போச்சு. நின்னாதான் சுறுசுறுப்பு. இந்தம்மாவையே பாருங்க, கடையில இவங்க பேரே தூணாம்" என்றார். மேனேஜர் சிரித்தார். அலுவலருக்கும் உதட்டோரம் லேசாகச் சிரிப்பு வந்தது. செயலாளர் ஏதேதோ சட்டப் பிரிவுகளைச் சொல்லிப் பார்த்தார், எடுபடவில்லை. அலுவலர் ஃபைலைக் கட்டப் போனார்.

தூணக்காவுக்குக் கோபம் உச்சிக்கு ஏறிவிட்டது.

"பழகிப்போச்சா? நாங்க தரையில உக்கார்றோம் சார், திருட்டுத்தனமா. குண்டூசி விழுந்துடுச்சுன்னு பொய் சொல்லிட்டு, கவுண்டருக்குப் பின்னாடி குந்திக்கிட்டு, இல்லாத ஊசியத் தேடுறோம். மூணு மாடியிலயும் தேடுறோம். நிக்கப் பழகினவளா சார் அப்படித் தேடுவா?"

அலுவலர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு அவள் காலைப் பார்த்தார். அந்த ஒரு பேச்சில்தான் வழக்கு ஜெயித்தது. அதில் சந்தேகமே இல்லை. மேனேஜர் கோபப்படவே இல்லை. ரொம்ப நாளாகத் தொலைந்துபோயிருந்த சாவி கிடைத்துவிட்டது போல அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். அந்தப் பார்வையை அப்போது அவள் சரியாகக் கவனிக்கவில்லை.

கவுண்டருக்கு ஒரு ஸ்டூல் போட வேண்டும், வேலை இல்லாத நேரத்தில் பணியாளர் உட்காரலாம் என்று உத்தரவு வந்தது. டீக்கடையில் எல்லோருக்கும் டீ, பன். செயலாளர் தூணக்காவின் கையைப் பிடித்துத் தூக்கிக் காட்டினார். பெண்கள் கைதட்டினார்கள். தங்கச்சி மட்டும் டீயைக் கையில் வைத்துக்கொண்டே நின்றாள். "சத்தியம் பண்ணியேக்கா" என்று மட்டும் சொன்னாள்.

ஸ்டூல்கள் வந்தன. நல்ல ஸ்டூல்கள், குறை சொல்லக் கூடாது; மெத்தை வைத்து, மேலே பாலித்தீன் உறை போட்டு வந்தன. மேனேஜர் எல்லோரையும் கூப்பிட்டு, "உக்காருங்கம்மா, அது உங்க உரிமை. கஸ்டமர் மாடியில இல்லாத நேரமாப் பாத்து உக்காருங்க, அவ்வளவுதான்" என்றார். கஸ்டமர் இல்லாத நேரம் கடை பூட்டியிருக்கும் நேரம்தான். துணிந்து உட்கார்ந்தவளை யாரும் திட்டவில்லை. மறுநாள் அவளைக் குடோனுக்கு மாற்றினார்கள், காரணம் எதுவும் சொல்லாமல். இரண்டு பேர் அப்படிப் போனதும் மூன்றாவது ஆள் உட்காரவில்லை.

கூடவே இன்னும் சில நல்ல காரியங்களும் நடந்தன. சட்டைகளிலிருந்து ஊசியைக் குடோனிலேயே எடுத்துவிட்டு பிளாஸ்டிக் கிளிப் போட ஆரம்பித்தார்கள். மரக் கவுண்டர்களைக் கழற்றிவிட்டு, அடிவரை தெரியும்படி கண்ணாடிக் கவுண்டர் போட்டு, ஸ்டூல்களை அதற்கு முன்பக்கம் தள்ளினார்கள். எது கீழே விழுந்தாலும் கூட்டுகிற அம்மாதான் எடுக்க வேண்டும், பணியாளர் குனியக் கூடாது என்று புதுச் சட்டம் வந்தது. உத்தரவில் ஒரு எழுத்தைக்கூட மீறாமல் முதலாளி எல்லாவற்றையும் திருப்பி வாங்கிக்கொண்டார்.

பெண்கள் தூணக்காவிடம் முகம் கொடுத்துப் பேசுவதை நிறுத்தினார்கள். "ஊமையா இருந்திருந்தாலாவது கொஞ்சம் குந்தியிருப்போம்" என்று ஒருத்தி அவள் காதுபடவே சொன்னாள். தூணக்கா செயலாளரிடம் போய் நின்றாள். "வெற்றி வெற்றிதாம்மா. நடைமுறையில சில சிக்கல் இருக்கத்தான் செய்யும்" என்றார். அவர் வேறு தெருவில் வேறு கடையின் வழக்கில் மும்முரமாக இருந்தார். இந்தக் கடையைப் பற்றி அங்கே உதாரணமாகப் பேசினார் என்றும் கேள்வி.

தங்கச்சிக்கு வயிறு நன்றாகத் தெரிய ஆரம்பித்திருந்தது. புருஷன் வண்டி ஓட்டுகிறவன், ஓடினால்தான் சோறு. அதனால் அவளும் நின்றாள். ஒரு மத்தியானம், மாடி முழுக்கக் கூட்டம். சட்டையை விரித்துக் காட்டிக்கொண்டிருந்த தூணக்காவின் காதில் அந்தக் குரல் விழுந்தது.

"அக்கா, ஊசி விழுந்துடுச்சு."

மாடியில் இருந்த பெண்கள் அத்தனை பேரும் நிமிர்ந்து பார்த்தார்கள். தங்கச்சிக்குப் பழக்கத்தில் வாயில் வந்துவிட்டது. கடையில் ஊசியே இல்லை. மாடி சூப்பர்வைசர், "இங்க ஏதும்மா ஊசி?" என்று கேட்டுச் சிரித்தாள். "ஸ்டூல்ல உக்காருடி!" என்று தூணக்கா கத்தினாள். தங்கச்சி ஸ்டூலைப் பார்த்தாள். அதில் யாரோ ஒரு அம்மா இரண்டு பைகளை வைத்திருந்தாள். தங்கச்சி கண்ணாடி விளிம்பைப் பிடித்தபடியே சரிந்து விழுந்தாள்.

குழந்தை நாள் நிறையாமலே பிறந்தது. ரொம்ப நாள் ஆஸ்பத்திரியில் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்துக் காப்பாற்றினார்கள். நன்றாக ஓய்வெடுக்கச் சொல்லிக் கடையிலிருந்து ஆள் வந்து சொல்லிவிட்டுப் போனான். அவள் இடத்துக்கு வேறு ஏற்பாடு செய்தாகிவிட்டது என்பதையும் சேர்த்துச் சொன்னான். பார்க்கப் போன தூணக்காவிடம் தங்கச்சி ஒன்றே ஒன்று கேட்டாள். "உன் ஸ்டூலு நல்லா இருக்கா?" கேட்டுவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தாள். அதன் பிறகு பேச்சில்லை, போக்குவரத்தில்லை. தூக்கி வளர்த்தவளுக்கு அது கால் வலியைவிடப் பெரிய வலி. யாரிடம் சொல்லி அழ?

வேறு ஏற்பாடு என்றது தூணக்காவைத்தான். தங்கச்சி நின்ற இடத்திலேயே அவளைக் கொண்டுபோய் நிறுத்தினார்கள். அது தற்செயலா, வேண்டுமென்றே செய்ததா என்று கேட்க அவளுக்குத் தெம்பில்லை. வருகிறவர்கள், "இங்க பைய வச்சுக்கலாமா?" என்று ஸ்டூலைக் காட்டிக் கேட்பார்கள். "வைங்கம்மா. போராடி வாங்கினது, சும்மாத்தான் கிடக்கு" என்பாள். பகடி என்று நினைத்துச் சிரித்துவிட்டுப் பையை வைப்பார்கள்.

குழந்தைக்குத் தலை நிற்கும் வயதானபோது, ஒரு நாள் தங்கச்சி கடைக்கு வந்தாள். தங்கச்சி வாடிக்கையாளர் போலவே நடந்து வந்து, குழந்தையை மடியில் போட்டுக்கொண்டு ஸ்டூலில் உட்கார்ந்தாள். இன்னும் எடுக்காத பாலித்தீன் உறை சரசரத்தது. இந்த ஸ்டூலில் உட்காருவதற்கு அவள் வேலையை இழக்க வேண்டியிருந்தது.

"சின்னச் சட்டை இருந்தாக் காட்டுங்க" என்றாள். அந்த 'ங்க' தூணக்காவின் நெஞ்சில் குத்தியது. சட்டைகளை எடுத்துப் போட்டாள். குழந்தை வயதுக்கு இளைத்திருந்தது. எந்தச் சட்டையும் அதற்குப் பெரிதாகத்தான் இருந்தது. தொட்டுப் பார்க்க நீண்ட கையைத் தூணக்கா தானே பின்னுக்கு இழுத்துக்கொண்டாள்.

தங்கச்சி அவள் முகத்தைப் பார்க்கவே இல்லை. கண்ணாடி வழியாக அவள் காலைத்தான் ரொம்ப நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு குழந்தையின் இடுப்புத் துணியிலிருந்த ஊக்கைக் கழற்றித் தரையில் போட்டாள்.

"ஊக்கு விழுந்துடுச்சு" என்றாள், மாடிக்கே கேட்கும்படி. "கொஞ்சம் எடுத்துக் குடுங்க. குழந்தைக்குக் குத்திடப் போகுது."

படியருகே நின்ற மேனேஜர் கையை ஆட்டினார். "எடுத்துக் குடும்மா, கஸ்டமர் கேக்கறாங்கல்ல."

தூணக்கா கவுண்டரைச் சுற்றி வந்தாள். முழங்கால் முறுக்கிக்கொள்ள, மெல்லத் தரையில் உட்கார்ந்தாள். உட்கார்ந்த அந்த நொடியில் கணுக்காலிலிருந்து ஒரு சுகம் மேலே ஏறியது. அதை நினைத்து அவளுக்கு வெட்கமாக இருந்தது. ஊக்கு ஸ்டூல் காலருகே பளிச்சென்று கிடந்தது. எடுக்கக் கையை நீட்டினாள். தங்கச்சியின் செருப்பு வந்து அதை மூடிக்கொண்டது.

குழந்தையின் துணியைச் சரிசெய்கிற மாதிரி தங்கச்சி குனிந்தாள்.

"மெதுவாவே தேடு" என்றாள், வேறு யார் காதிலும் விழாதபடி. "நான் கேட்டன்னைக்குத்தான் ஊசி இல்லாமப் போச்சு."

தூணக்கா தலை நிமிரவில்லை. ஊக்கு இல்லாத இடத்திலெல்லாம் கையை வைத்துத் தேடிக்கொண்டே இருந்தாள்.