முள் ஏறும்போது

நாவலூரிலிருந்து கிளம்பி, புதுப்பட்டினத்துக்குள் நுழையும்போது என் காரில் ஆயில் பிரஷர் விளக்கு சிவப்பாக எரிந்தது. உடனே வண்டியை ஓரங்கட்டி எஞ்சினை அணைத்தேன். அந்த விளக்கோடு ஓட்டினால் எஞ்சினே போய்விடும் என்று எனக்கு ஓட்டக் கற்றுக்கொடுத்தவர் பயமுறுத்தி வைத்திருந்தார்.

எதிரே இருந்த டீக்கடைக்காரர் ஒரு மெக்கானிக்கைக் கூட்டிவந்தார். மீன்பிடிப் படகுகளுக்கு எஞ்சின் பார்க்கிறவராம். ஒல்லியான மனிதர். எதையும் தொடுமுன் கையை லுங்கியில் துடைத்துக்கொள்வார். ஆயில் அளவைப் பார்த்தார், சரியாக இருந்தது.

"அந்த லைட்ட எரிய வெக்கிற சென்சார் எங்க கீதுன்னு பாப்போம்" என்று எஞ்சினின் ஒரு பக்கம் முழுக்கத் தடவினார். கிடைக்கவில்லை. "போட் எஞ்சின்ல இங்கதான் இருக்கும்" என்று சிரித்துவிட்டு, மறுபக்கம் ஆயில் ஃபில்டருக்கு மேலே அதைக் கண்டுபிடித்தார். கழற்றிவிட்டு, அதே இடத்தில் படகு எஞ்சினில் ஆயில் பிரஷரைச் சோதிக்கும் முள் மீட்டரைத் திருகினார்.

"ஸ்டார்ட் பண்ணும்மா. நான் கை காட்டுனா ஒடனே ஆஃப் பண்ணிடணும்."

சாவியைத் திருப்பினேன்.

"ஏறுது பாரு, ஏறுது பாரு." அவர் குரலுக்கு டீக்கடையே திரும்பியது. இறங்கி ஓடினேன். முள் மளமளவென்று ஏறி நின்றிருந்தது. எஞ்சினுக்கு ஒன்றுமில்லை, சென்சார்தான் கெட்டிருந்தது.

"ஆஃப் பண்ணிட்டு இன்னொரு தபா போடும்மா."

"அதான் தெரிஞ்சுபோச்சேண்ணா?"

"தெரிஞ்சிபோச்சு. ஏறுறத பாக்கணும்ல."

அணைத்துவிட்டு மறுபடி ஸ்டார்ட் செய்தேன். எத்தனையோ படகுகளில் அதைப் பார்த்திருக்கக்கூடியவர், முதல் தடவைபோலக் குனிந்து நின்றார். மூன்றாம் முறை அவர் கேட்கவில்லை. நானாகவே சாவியைத் திருப்பினேன்.