முன்னால் ஓடுகிறவள்

அவனுக்கு அம்மா அப்பா வைத்த பெயர் ஒன்று உண்டு. ஆனால் அந்தப் பெயரைச் சொல்லி விசாரித்தால் விளையாட்டுக்காரர்கள் திருதிருவென்று முழிப்பார்கள். 'வட்டம் அண்ணன்' என்றால்தான் தெரியும். முப்பத்தெட்டு வயது, ஏறிக்கொண்டே போகும் நெற்றி, சட்டைப்பையில் எப்போதும் இரண்டு பேனா. லிஃப்ட் பழுது பார்க்கும் கம்பெனியில் போன் எடுக்கிற வேலை. எந்தக் கட்டடத்திலாவது லிஃப்ட் நடுவழியில் நின்றுபோனால், உள்ளே மாட்டிக்கொண்டவர் பொத்தானை அழுத்துவார். இந்தப் பக்கம் இவன் பேசுவான். "பயப்படாதீங்க. காத்து வந்துக்கிட்டேதான் இருக்கும். கதவை உதைக்காதீங்க." பதினோரு வருஷமாக இதையே சொல்லிச் சொல்லி, வீட்டில் பால் பொங்கி வழிந்தால்கூட அதே குரலில்தான் கூப்பிடுவான்.

போன் வராத நேரத்தில் அவன் பார்த்துக்கொண்டிருப்பது செல்போனில் ஓடும் ஒரு சண்டை விளையாட்டு. விமானத்திலிருந்து அறுபத்து நாலு பேர் ஒரு தீவில் குதிப்பார்கள். நாலு நாலு பேராகப் பதினாறு டீம். கீழே கிடக்கிற துப்பாக்கியைப் பொறுக்கிக்கொண்டு ஒருவரையொருவர் சுட்டுத் தள்ள வேண்டும். சும்மா ஒளிந்திருக்கவும் முடியாது. தீவைச் சுற்றி ஒரு நீல வேலி வட்டமாகச் சுருங்கிக்கொண்டே வரும். வெளியே அகப்பட்டவன் கதை முடிந்தது. கடைசிவரை நிற்கிற டீமுக்கு வெற்றி.

அந்த வட்டம் அடுத்து எந்தப் பக்கம் சுருங்கும் என்று சொல்வதில் இவனை அடிக்க ஆளில்லை. நூற்றுக்கணக்கான ஆட்டங்களைப் பார்த்து ஏழு நோட்டுப் புத்தகம் நிரப்பி வைத்திருந்தான். பெயரும் அப்படி வந்ததுதான். ஆனால் கையில் போனைக் கொடுத்து விளையாடச் சொன்னால் மானம் கப்பலேறிவிடும். இவன் எதிரியைப் பார்த்து, துப்பாக்கியை எடுத்து, குறி வைப்பதற்குள் எதிரி இவனைச் சுட்டு, பையைத் துழாவி, நல்லதாக ஏதுமில்லை என்று சலித்துக்கொண்டு கிளம்பியே போயிருப்பான். கட்டைவிரல் அவ்வளவு மந்தம்.

எனவே திட்டம் போடுகிறவன் ஆனான். நாலு பேரைச் சேர்த்து மூன்று வருஷம் பழக்கினான். கூட்டம் குதிக்கிற இடத்தில் குதிக்காதே, ஓரமாக இறங்கி அமைதியாகச் சாமான் சேர்த்துக்கொள். வேலி துரத்தி வருகிறவரை காத்திருக்காதே, முன்கூட்டியே உள்ளே போய் மேட்டைப் பிடித்துக்கொள். இரண்டு டீம் அடித்துக்கொண்டால் மூக்கை நுழைக்காதே, ஒன்று ஓயட்டும், அப்புறம் போ. விழுந்தவனைத் தூக்கத் திரும்பாதே, ஒருவனுக்காக நாலு பேரும் போய்விடுவீர்கள். இப்படி அவன் சொன்னதெல்லாம் கேட்க எளிது. சுடத் துடிக்கிற விரல்களை அடக்கி அதைச் செய்ய வைப்பதற்குள் அவனுக்குப் பாதி முடி கொட்டிவிட்டது.

அவன் திட்டத்தில் ஒரு சங்கடமான வேலை இருந்தது. எதிரி எங்கே பதுங்கியிருக்கிறான் என்று தெரியாதபோது ஒருவர் வெட்டவெளியில் ஓட வேண்டும். எதிரி ஆசைப்பட்டுச் சுடுவான். குண்டு எங்கிருந்து வருகிறது என்று மற்ற மூவரும் பார்த்துக்கொள்வார்கள். ஓடுகிறவர் பெரும்பாலும் செத்துப்போவார். இந்த வேலைக்கு யார் வருவார்கள்? எல்லோருக்கும் சுட வேண்டும், நாலு பேர் கைதட்ட வேண்டும்.

அந்த வேலையை அவன் தன் தங்கைக்குக் கொடுத்தான். நாலு பேரில் அவள் ஒருத்தி. வீட்டு ஆளுக்கு நல்ல இடமாகப் பார்த்துக் கொடுத்துவிட்டான் என்று யாரும் நாக்கு மேல் பல்லைப் போட்டுப் பேசிவிடக் கூடாதே என்கிற வீறாப்பு. அவள் ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசவில்லை. மூக்குக்கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்க்கிறவள், பொறுமை அவளுக்குத் தொழில். மூன்று வருஷம் ஓடினாள், செத்தாள், அடுத்த ஆட்டத்தில் மறுபடி ஓடினாள். எந்தப் பாறைக்குப் பின்னால் எத்தனை பேர், எந்த ஜன்னலில் யார் என்று ஓடுகிற ஓட்டத்திலேயே மூச்சு வாங்காமல் சொல்லுவாள். டீம் ஜெயிக்கத் தொடங்கியதே அதற்கப்புறம்தான்.

ஹெட்போன் விற்கிற ஒரு கம்பெனிக்கு இந்த டீம் மேல் கண் விழுந்தது. பெரிய போட்டியில் முதலிடம் பிடித்தால் டீமை எடுத்துக்கொள்கிறோம், மாதச் சம்பளம், பயிற்சிக்குத் தனி வீடு, வெளிநாட்டு ஆட்டங்கள் என்றார்கள். பயிற்சிக்கு முழு நாளும் வேண்டியிருந்தது. தங்கை தயங்கினாள். கடையை விட்டால் அங்கே மறுபடி இடம் கிடைக்காது.

"நான் இருக்கேன்ல? விட்டுட்டு வா. நான் பாத்துக்கறேன்," என்றான் வட்டம்.

அவள் விட்டுவிட்டு வந்தாள். மறுவாரமே கடைக்காரர் வேறொரு பெண்ணைச் சேர்த்துக்கொண்டார்.

பெரிய போட்டி ஒரு வாடகை மண்டபத்தில் நடந்தது. காலையில் ஆட்டம் தொடங்குமுன் கம்பெனி மேனேஜர் வட்டத்தை மாடிப்படி ஓரமாக ஒதுக்கிக்கொண்டு போனார். நல்ல மனிதர்தான், சிரித்த முகம், வெள்ளை வெளேரென்று ஷூ.

"ஒரு விஷயம். முதல் இடம் வந்தா டீமை எடுத்துக்கறோம், அதுல மாத்தம் இல்லை. ஆனா நாலு பேர்ல ஒருத்தரை மாத்தறோம். லட்சக்கணக்கான பேர் பாக்கற ஒரு ஆளை மேலிடத்துல முடிவு பண்ணிட்டாங்க."

"யாரை சார் எடுக்கப் போறீங்க?"

"அதெல்லாம் நியாயமா நடக்கும். நீங்க ஒவ்வொரு ஆட்டத்துக்கும் ஒரு ஷீட் போடுவீங்களே, அதையே வச்சுக்கறோம். இன்னைக்கு யார் கடைசியோ அவங்க."

அந்த ஷீட்டை உட்கார்ந்து உட்கார்ந்து உருவாக்கியது அவன்தான். எத்தனை பேரைச் சுட்டார், எவ்வளவு காயம் ஏற்படுத்தினார், எத்தனை நிமிஷம் உயிரோடு இருந்தார் என்று மூன்று கட்டம். மூன்றுமே ஓடுகிறவளுக்கு எதிரி. அவள் வாங்குகிற குண்டுக்கு ஒரு கட்டம் போட வேண்டும் என்று இந்த மகா புத்திசாலிக்கு மூன்று வருஷமாகத் தோன்றவே இல்லை.

"சார், என் தங்கச்சி செய்யற வேலை அந்த ஷீட்ல வராது. அவ இல்லேன்னா இந்த டீமே கிடையாது."

"இருக்கலாம். மேல காட்ட அதுக்கு ஏதாவது நம்பர் இருக்கா?"

அவனுடைய ஏழு நோட்டில் எதிலும் அப்படி ஒரு நம்பர் இல்லை.

"இப்போ யார்கிட்டயும் சொல்லிடாதீங்க. தெரிஞ்சா ஆளாளுக்குத் தன் நம்பரை ஏத்தக் கிளம்பிடுவாங்க. நாலு பேருமே போயிடுவாங்க. உங்களுக்குத் தெரியாததா?"

அதுதான் கொடுமை. அது அவனுக்குத் தெரிந்ததுதான். மேனேஜர் பேசியது அத்தனையும் அவன் மற்றவர்களுக்கு ஓதிய பாடம்.

ஆறு ஆட்டத்தில் ஐந்து முடிந்தபோது அவர்கள் டீம் இரண்டாம் இடத்தில் இருந்தது. கடைசி ஆட்டத்தை ஜெயித்தால் முதலிடம். வட்டம் ஷீட்டில் முதலில் கணக்கில் வருகிற கட்டத்தைப் பார்த்தான். தங்கை சுட்டது மொத்தம் மூன்று பேர். அவளுக்கு மேலே இருந்தவனுக்கு நாலு. இரண்டே இரண்டு பேரைச் சுட்டுவிட்டால் போதும், தப்பித்துவிடுவாள்.

இடைவேளையில் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தவளிடம் போனான்.

"இந்த ஆட்டத்துல நீ ஓடாதே. பின்னால நின்னு தூரத் துப்பாக்கியை வச்சுக்கோ. வேற யாராவது ஓடட்டும்."

அவள் சிரித்துவிட்டாள். "என்னண்ணா, வெயில்ல வந்தியா? மூணு வருஷம் பழகினதைக் கடைசி ஆட்டத்துல மாத்தறதா? மத்தவங்க மாத்தினா நீ எப்படிக் கத்துவே!"

டீமின் கேப்டன், சைக்கிள் கடை மெக்கானிக், பக்கத்திலேயே நின்றான். "அண்ணே, அவ சொல்றதுதான் சரி. எங்க யாருக்கும் அந்த மாதிரி ஓட வராது. ரெண்டடி போறதுக்குள்ள சுருண்டு விழுந்துடுவோம்."

"நான் சொல்றதைக் கேளும்மா."

"காரணத்தைச் சொல்லு, கேக்கறேன்."

சொல்லியிருக்கலாம். வாய் வரை வந்தது, மென்று முழுங்கினான். சொன்னால் ஆட்டம் போகும், நாலு பேர் வாழ்க்கையும் போகும். சொல்லாவிட்டால் இவளுடையது மட்டும் போகும். அதற்குள் போட்டி நடத்துகிறவர் வந்து, பயிற்சி கொடுப்பவர்கள் எல்லாம் கண்ணாடி அறைக்குப் போகலாம் என்றார்.

அந்தப் போட்டியில் ஒரு விதி. விமானம் கிளம்பும்வரைதான் பயிற்சி கொடுப்பவர் டீமோடு பேசலாம். கிளம்பியதும் அவர் மைக்கை நிறுத்திவிடுவார்கள். டீம் பேசுவது இவருக்குக் கேட்கும், இவர் பேசுவது யாருக்கும் கேட்காது. வட்டம் ஹெட்போனை மாட்டிக்கொண்டான். மைக்கில் பச்சை விளக்கு எரிந்துகொண்டிருந்தது. பத்து விநாடி பாக்கி. அதற்கு மேல் அவன் மனசு கேட்கவில்லை.

"கவனிம்மா, நான் ஏன் சொன்னேன்னா..."

விளக்கு சிவப்பாகிவிட்டது.

ஆட்டம் அவன் எழுதிக் கொடுத்த மாதிரியே நடந்தது. ஓரமாக இறங்கினார்கள். சண்டைகளை ஒதுக்கினார்கள். வட்டம் சுருங்கப் போகிற இடம் என்று அவன் சொல்லியிருந்த கல்சுவருக்குப் பின்னால், மற்றவர்கள் வருமுன்பே போய் உட்கார்ந்துகொண்டார்கள். வேறு நாளாக இருந்தால் அவன் காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டிருப்பான். இன்றைக்குத் தன் திட்டம் எங்காவது ஒரு இடத்தில் பிசகாதா என்று பார்த்துக்கொண்டிருந்தான்.

கடைசியில் மூன்று டீம் மிச்சம். ஒன்று தகரக் கொட்டகையில் இருப்பது தெரிந்தது. இன்னொன்று எங்கே என்று தெரியவில்லை. சுவருக்கு முன்னால் மொட்டைத் திடல், புல்கூடக் கிடையாது. வேலி முதுகுக்குப் பின்னால் வந்துகொண்டிருந்தது.

"நான் போறேன். எங்கிருந்து சுடறாங்கன்னு பாருங்க," என்றது தங்கையின் குரல்.

"வேண்டாம்!" என்று வட்டம் கத்தினான். பக்கத்து நாற்காலிக்காரர் திடுக்கிட்டுத் திரும்பினார்.

அவள் ஓடினாள். கொட்டகையைச் சுற்றி வளைத்து ஓடியபோது, அதன் பின்பக்கம் இரண்டு பேர் குந்தி உட்கார்ந்து காயத்துக்குக் கட்டுப் போட்டுக்கொண்டிருந்தார்கள். முதுகு இவள் பக்கம். துப்பாக்கி கையில் இல்லை. பச்சைக் குழந்தைகூடச் சுட்டுவிடும். இரண்டு பேர். சரியாக இரண்டே பேர்.

"சுடு. சுட்டுடும்மா. இந்த ஒரு தடவை," என்று வட்டம் கண்ணாடியைப் பார்த்துக் கெஞ்சினான்.

நின்று சுட்டால் ஓட்டம் நின்றுபோகும். அவள் நிற்கவில்லை. "கொட்டகைக்குப் பின்னால ரெண்டு பேர், கட்டுப் போட்டுக்கிட்டு இருக்காங்க, எடுத்துக்கோங்க," என்று சொல்லிவிட்டுக் கடந்து போனாள். கேப்டன் சுவரோரமாக நகர்ந்து இருவரையும் சுட்டு எடுத்தான். அவன் பெயருக்கு நேரே இரண்டு ஏறியது.

அவள் இன்னும் இருபது அடி ஓடியிருப்பாள். வலப்பக்கப் பாறைகளிலிருந்து நாலு துப்பாக்கியும் சேர்ந்து வெடித்தது. விழுந்தாள். ஆட்டத்தில் விழுந்தவர் உடனே சாவதில்லை, கொஞ்ச நேரம் தவழலாம். யாராவது வந்து தூக்கினால் பிழைக்கலாம்.

"பாறைதான்! நாலு பேரும் பாறைக்குப் பின்னால!"

"வந்து தூக்கட்டுமா?" கேப்டன் கேட்டான்.

"வராதே! விழுந்தவங்களுக்காகத் திரும்பக் கூடாது. அண்ணன் சொன்னது மறந்துபோச்சா? அடிங்க!"

அடித்தார்கள். ஒரு நிமிஷத்தில் பாறையும் அடங்கியது, கொட்டகையும் அடங்கியது. திரையில் அவர்கள் டீமின் பெயர் பெரிதாக எழும்பியது. மண்டபமே எழுந்து நின்று கத்தியது. வட்டம் உட்கார்ந்த இடத்திலேயே இருந்தான். கடைசி ஆட்டத்துக்கு அவள் பெயருக்கு நேரே ஒரு பூஜ்யம்.

மேனேஜர் வந்து கட்டிப்பிடித்துக்கொண்டார். பிறகு ஷீட்டை வாங்கிப் பார்த்து, வருத்தமாகத்தான் தலையாட்டினார். "நீங்களே பக்குவமாச் சொல்லிடுங்க. உங்க தங்கச்சிதானே. நாங்க சொன்னா நல்லா இருக்காது. உங்க வேலைக்கு ஒண்ணும் பயமில்லை, நீங்க எங்களோடதான் இருப்பீங்க."

அந்தக் கடைசி வாக்கியத்தைக் கேட்டு அவனுக்கு நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது.

மாடிப்படி ஓரத்தில் தங்கை அவனைப் பிடித்துக்கொண்டாள். முகமெல்லாம் வேர்வை, வாயெல்லாம் பல். "பாத்தியாண்ணா? வட்டம் நீ சொன்ன இடத்துக்கே வந்துச்சு பாத்தியா?"

அவன் சொன்னான். சுற்றி வளைக்காமல் எல்லாவற்றையும் சொன்னான். புது ஆள், ஷீட், பூஜ்யம், காலையில் மேனேஜர் பேசியது. சொல்லும்போது அவன் குரல் ஆபீஸ் குரலாகவே இருந்தது. அது அவனுக்கே அருவருப்பாக இருந்தது, ஆனால் வேறு குரல் வரவில்லை.

அவள் சிரிப்பு உடனே போகவில்லை. முகத்தில் அது பாட்டுக்குக் கொஞ்ச நேரம் இருந்தது.

"அதனாலதான் ஓடாதேன்னு சொன்னியா?"

"ஆமா."

"காலையிலயே தெரியுமா?"

"தெரியும். சொன்னா ஆட்டம் போயிடும்னு... நீ சுட நின்னுடுவேன்னு... சொல்லியிருந்தா என்னம்மா பண்ணியிருப்பே?"

அவள் யோசித்தாள். நிஜமாகவே யோசித்தாள், கொட்டகைக்குப் பின்னால் இருந்த அந்த இரண்டு முதுகுகளை மறுபடி பார்க்கிறவள் மாதிரி.

"தெரியலண்ணா. ஓடியிருப்பேன்னுதான் நினைக்கறேன். ஆனா அதை நானா முடிவு பண்ணியிருப்பேன்ல?"

திட்டம் போட்டே பேர் வாங்கியவனிடம் இதற்கு ஒரு திட்டமும் இல்லை. அவள் தோளில் கை வைக்கப் போனான், வைக்கலாமா என்று தெரியாமல் எடுத்துக்கொண்டான்.

மேடையிலிருந்து கேப்டன் கத்தினான். "நாலு பேரும் சேர்ந்து போட்டோவாம்! எங்கே போனே? நீ இல்லாம எடுக்க மாட்டோம்!"

"அவங்களுக்குத் தெரியுமா?" என்றாள் தங்கை.

"தெரியாது."

"இப்போ சொல்லாதே. போட்டோ எடுத்து முடியட்டும்."

கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு மேடைப் படியேறிப் போனாள். மூன்று பேரும் அவளை இழுத்து நடுவில் நிறுத்திக் கோப்பையை அவள் கையில் திணித்தார்கள். போட்டோக்காரர் சிரிக்கச் சொன்னார். நாலு பேரில் அவள்தான் முதலில் சிரித்தாள்.