கொம்பு முன்னால் வரும்

என் தங்கை பாண்டிசெல்வி ஜெயித்தவற்றை முதலில் சொல்லிவிடுகிறேன். ஸ்ரீவில்லிபுத்தூர் நீதிமன்றத்துக்கு அலைந்து, இருபது மாதம் கழித்து மகள் ஜீவிதாவை வாங்கினாள். ரேஷன் கார்டில் குடும்பத் தலைவி என்ற இடத்தில் தன் படத்தை வரவைத்தாள். ராஜபாளையத்து நூல் மில்லில், நூல் சுற்றும் வைண்டிங் பகுதியில், பன்னிரண்டு பெண்களின் வேலையை மேற்பார்வை பார்க்கும் இடத்துக்கு ஏறினாள். இத்தனைக்கும் ஒன்றாம் வகுப்பில் நான்கு மாதம் மட்டும் உட்கார்ந்தவள். அம்மா படுக்கையில் விழுந்ததும் வீட்டு வேலை பார்க்க அவளைப் பள்ளியிலிருந்து நிறுத்தினார்கள். என்னை நிறுத்தவில்லை. நான் எட்டாவது வரை போனேன்.

அதே மில்லின் கேட்டில் நான் வாட்ச்மேனாக இருந்தேன். உள்ளே போகும் ஆளுக்கும் வெளியே வரும் லாரிக்கும் நேரம் குறிப்பது என் வேலை. ஒரு நிமிடம் பிசகாது.

2022 ஜூலை 6, புதன்கிழமை, பகல் 1.55க்கு அவள் புருஷன் குருசாமி கேட்டுக்கு வந்தான். மினி லாரி ஓட்டுகிறவன். கையில் டைப் அடித்த பத்திரம் ஒன்று.

"மச்சான், கேஸ் கனெக்சன ஒங்க தங்கச்சி பேருக்கு மாத்திருதேன். அவ கைநாட்டு, ஒங்க கையெழுத்து. செத்த நேரத்து வேலை."

2.04க்கு ஷிப்டு முடிந்து அவள் தலையெல்லாம் பஞ்சோடு வந்தாள். பஞ்சு லாரி ஒன்று ரிவர்ஸில் கேட்டுக்குள் ஏறிக்கொண்டிருந்தது. என் மேஜையில் இருந்த மைப்பெட்டியை நானே திறந்து வைத்தேன். அவள் இடது பெருவிரலைக் குருசாமி பிடித்து அழுத்தினான். அதன் கீழே, 'படித்துக் காட்டினேன்' என்று அச்சடித்திருந்த வரிக்கு நேராக நான் கையெழுத்துப் போட்டேன். பத்திரத்தை நான் படிக்கவில்லை. லாரி நம்பரைத்தான் படித்தேன்.

பன்னிரண்டாம் நாள் அவன் ஜீவிதாவைப் பள்ளிக்கூடத்திலிருந்தே கூட்டிக்கொண்டு மம்சாபுரத்தில் இருக்கும் தன் அம்மா வீட்டுக்குப் போய்விட்டான். நாங்கள் அங்கே போனபோது வாசலில் புதுத் தாலியோடு இன்னொருத்தி நின்றாள். குருசாமி பத்திரத்தை எடுத்து, தெருவே கேட்கும்படி வாசித்தான். பாண்டிசெல்வி தன் மனசாரப் பிரிகிறாள். அவன் வேறு கல்யாணம் செய்தால் தடை சொல்ல மாட்டாள். பிள்ளையை அவனிடமே விடுகிறாள். அன்றுதான் அந்தப் பத்திரம் முதல்முறையாக அவளுக்குப் படித்துக் காட்டப்பட்டது.

அவன் அம்மா சொன்னாள்: "கைநாட்டுக்கு எதுக்குப் பிள்ள? அது படிக்கப்போற பிள்ள."

ஒரு மாதம் கழித்து மறுபடி போனோம். கதவைத் திறக்கவில்லை. உள்ளே இருந்து ஜீவிதாவின் குரல் மட்டும் கேட்டது.

"ஆச்சி, அந்த மில்லுக்காரி போயிட்டாளா?"

எட்டு வயசுப் பிள்ளை. யாரோ சொல்லிக் கொடுத்திருந்தார்கள். என் தங்கை பஸ்ஸில் ராஜபாளையம் வரும்வரை சத்தமில்லாமல் அழுதாள். மறுநாள் மெஷின் முன்னாலும் அழுதாள்.

அவளை நிமிர்த்தியது அந்த வைண்டிங் பெண்களின் வாய்தான். ஆறுதல் சொன்னார்கள் என்று நினைத்துவிட வேண்டாம். எங்கள் பக்கம் கோயில் கிடாயை வெட்டுமுன் அதன் மேல் தண்ணீர் தெளிப்பார்கள். அது தலையைச் சிலுப்பினால் சம்மதம் என்று அர்த்தம். இருபத்தைந்து வருஷமாக மில்லில் நிற்கிற மாடத்தி அதைத்தான் எடுத்தாள்.

"ஏட்டி, கெடாகூட தண்ணி தெளிச்சாத்தான் சிலுப்பும். ஒனக்கு அதுவும் வேண்டியிருக்கல. வெரல நீட்டிட்டு வந்திருக்க. இப்ப கண்ணீர் எதுக்கு, நீயே தெளிச்சுக்கிடுறதுக்கா?"

எல்லாரும் சிரித்தார்கள். அவள் அழுகை நின்றது.

இருளம்மாள் கேட்டாள்: "படிச்சிக் காட்டுனதா கையெழுத்துப் போட்டது யாரு?"

"எங்க அண்ணன்."

"அப்ப வெட்டுனது அவருதான். கோர்ட்டுல அவரக் கூண்டுல ஏத்து. அவரு நெசத்தச் சொன்னா பிள்ள வரும். ஏத்த மனசில்லன்னா பிள்ளைய மறந்துரு."

அன்று ஷிப்டு விட்டதும் பாண்டிசெல்வி இந்தப் பேச்சை ஒரு வார்த்தை குறையாமல் என்னிடம் சொன்னாள். பிறகு, "வருவியாண்ணே?" என்றாள்.

"பொய்க் கையெழுத்துப் போட்டேன்னு நானே சொன்னா, பொறவு இந்தக் கேட்டுல என்ன உக்கார வைப்பாகளா?" என்றேன்.

 ஏழு மாதம் அவள் என்னோடு பேசவில்லை. உள்ளே 5.52, வெளியே 2.04 என்று அவளுக்கு நேரம் குறித்துக்கொண்டிருந்தேன். அதற்குள் அவள் வழக்குப் போட்டிருந்தாள். எட்டாம் மாதம் எனக்கு அவள் பேச்சு வரவில்லை, நீதிமன்றத்திலிருந்து சம்மன்தான் வந்தது.

அந்த நாட்களில் ஜாஸ்மின் என்கிற இளம்பெண் சாப்பாட்டு நேரத்தில் அவளுக்கு எழுத்துச் சொல்லிக் கொடுத்திருக்கிறாள். நூல் சுற்றும் காகிதக் கோனில், அடையாளம் போடும் சாக்பீஸால். 'செ' மட்டும் வரவே இல்லையாம்.

"எழுத்துக்கு முன்னாலயே ஏன் கொம்பு போடணும்?" என்று கேட்டாளாம்.

"முட்டுற கொம்பப் பின்னாலயா வைப்பாவ?" என்றாளாம் ஜாஸ்மின்.

2024 ஜனவரியில் விசாரணை. குருசாமியின் வக்கீல் அவளிடம் கேட்டார்: "எழுதப் படிக்கத் தெரியாத நீங்க பிள்ளைய எப்படிம்மா படிக்க வைப்பீங்க?"

"கெடா சிலுப்புச்சுன்னு அந்தத் தாளு சொல்லுதுய்யா. தண்ணி தெளிச்சவரு அந்தா நிக்காரு. வெட்டுனவரு எங்க அண்ணன். எட்டாவது படிச்சவரு. படிச்சவரு படிச்சாரான்னு அவரக் கேளுங்க. பொறவு என்னையக் கேளுங்க."

மாடத்தியின் வார்த்தையும் இருளம்மாளின் வார்த்தையும் அவள் வாயில் ஒன்றாக வந்தன. என்னைக் கூண்டில் ஏற்றினார்கள். நீதிபதியே கேட்டார்:

"இந்தப் பத்திரத்தைப் படித்துக் காட்டினீரா?"

"இல்லை."

"அந்த நேரம் என்ன செய்துகொண்டிருந்தீர்?"

"லாரி நம்பர் எழுதினேன்."

"நம்பராவது ஞாபகம் இருக்கிறதா?"

சொன்னேன். கூடம் முழுக்கச் சிரித்தது. அவள் சிரிக்கவில்லை, என்னைப் பார்க்கவும் இல்லை. அடுத்த வாரம் மில்லில் என்னைக் கேட்டிலிருந்து எடுத்துக் கழிவுப் பஞ்சு குடோனுக்கு மாற்றினார்கள். அவள் மேல் எனக்கு வருத்தம் கிடையாது. என் குடும்பத்தில் நெஞ்சுரம் அவளுக்குத்தான்.

பிள்ளை தாயிடம் இருக்க வேண்டும் என்று தீர்ப்பானது. ஒப்படைத்த அன்று ஜீவிதா அப்பன் சட்டையை விடவில்லை. விரல் விரலாகப் பிரித்துத்தான் எடுத்தார்கள். பாண்டிசெல்வி பக்கத்தில் நின்றாளே தவிர அவளைத் தொடவில்லை. பிள்ளையைப் பெற்றுக்கொண்டதற்கான தாளை நீட்டிய குமாஸ்தா, கேட்காமலேயே மைப்பெட்டியையும் நகர்த்தினார். அவள் அதைத் திருப்பித் தள்ளினாள். முதலில் தாளை எழுத்துக் கூட்டிப் படித்தாள். குமாஸ்தா கடிகாரத்தைப் பார்த்தார். பிறகு பேனாவை வாங்கி, 'பா' எழுதினாள். அடுத்த எழுத்தில் நின்றாள். குருசாமியின் அம்மா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தது கேட்டது.

ஜீவிதா எட்டிப் பார்த்தாள். இருபது மாதத்தில் தாயிடம் அவள் நேராகப் பேசிய முதல் பேச்சு இது:

"ரெண்டு சுழி போட்டிருக்க. அது மூணு சுழி."

என் தங்கை இன்னொரு சுழி சேர்த்துப் புள்ளி வைத்தாள். 'டி' போட்டாள். கொம்பை முன்னால் போட்டு மீதியையும் எழுதி முடித்தாள்.

2024 மார்ச் 12, செவ்வாய்க்கிழமை.